நாம் நாலு பேரும் ஏறிய கூண்டு

வட்டவளை மேட்டில் படுத்திருப்பவளுக்கு,

இன்று காலை நம் வீட்டு இஸ்தோப்புத் திண்ணையில் இரண்டு தாம்பூலத் தட்டுகள் வந்து உட்கார்ந்தன. ஒன்றைப் போலவே மற்றொன்று. வெற்றிலை, பாக்கு, வாழைப்பழம், மேலே சுருட்டி வைத்த மல்லிகைச் சரம். ஒரு தட்டு பெண் கேட்க, மற்றது பெண் கொடுக்க. இரண்டும் வந்த வழியே திரும்பிப் போய்விட்டன. வெற்றிலையும் மல்லிகையும் கலந்த அந்த வாசம் மட்டும் போகவில்லை. கதவைத் திறந்து வைத்தால் மூடுபனிதான் உள்ளே வருகிறது, வாசம் வெளியே போக மாட்டேன் என்கிறது. அதனால்தான் எழுத உட்கார்ந்தேன். சாதாரண தரப் பரீட்சையில் தமிழ் ஒன்றில் மட்டும் தேறியவள் நான் என்று கேலி செய்வாயே, அந்தத் தமிழ் இதற்காவது உதவட்டும்.

மகளுக்குத்தான் கேட்டு வந்தார்கள். அன்றைக்கு என் வயிற்றில் இருந்தவள். இப்போது முன்பள்ளியில் பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுக்கிறாள். கோபம் வந்தால் உன்னைப் போலவே இடுப்பில் கை வைத்துக்கொண்டு பேசுகிறாள். வந்தவர்கள் தலவாக்கலைப் பக்கம். அவர்கள் மகனுக்கு நம் பெண், அவளுக்கு இளையவனான நம் மகனுக்கு அவர்கள் பெண். சீர்ப் பேச்சு வேண்டாம், ஒரே பந்தல், செலவும் பாதி என்று அந்த அம்மா சொல்லிக்கொண்டே போனார். கையில் எடுத்த தேயிலைச் சாயக் கோப்பையை நான் அப்படியே கீழே வைத்தேன். ஏன் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

நம் பந்தலும் ஒன்றுதான். மேல் கணக்கு, கீழ் கணக்கு என்று நம் தேயிலைத் தோட்டம் இரண்டு பிரிவு. நான் மேலே, நீ கீழே. பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்களை ஒரே நாளில் மாரியம்மன் கோயிலில் மாற்றிக் கட்டி வைத்தார்கள். என் அண்ணனுக்கு நீ, உன் அண்ணனுக்கு நான். நான் பயந்துபோய் நின்றேன். நீயோ என் காதில், "நான் ஒனக்கு மதினி, நீ எனக்கு மதினி. இதுல யாரு காலுல யாரு விழுறது?" என்று கேட்டாய். பெரியவர்கள் காலில் இருவரும் ஒரே நேரத்தில் குனிந்து மண்டையை முட்டிக்கொண்டோம். இரண்டு குடும்பமும் அதைச் சொல்லிச் சொல்லி ஒரு வருசம் சிரித்தது.

எனக்கு வாய்த்தது நல்ல இடம். உன் அண்ணன் வாயில்லாப் பூச்சி. அம்மா கிழித்த கோட்டைத் தாண்டத் தெரியாது, ஆனால் அந்தக் கோட்டுக்குள் என்னைப் பூப்போல வைத்திருந்தார். என் அண்ணனைக் கெட்டவன் என்று இன்றைக்கும் என்னால் சொல்ல முடியாது. ஆனால் அவர் பிடித்த முயலுக்கு எப்போதும் மூன்றே கால். ஊரில் நாலு பெண்கள் வெளிநாட்டு வீட்டு வேலைக்குப் போனதைப் பார்த்து நீயும் போக வேண்டும் என்று நின்றார். தோட்டத்தில் வேலை இருக்கும்போது கடல் தாண்டிப் போய் அடுத்தவர் சட்டி கழுவ மாட்டேன் என்று நீ நின்றாய். கடைசியில் ஒரு நாள், போகாவிட்டால் இந்த வீட்டிலும் இருக்காதே என்று சொல்லிவிட்டார்.

அந்தச் செய்தி உனக்கு முன்னால் மலை இறங்கி வந்துவிட்டது. நான் மடுவத்துக் கொட்டகையில் கொழுந்து நிறுத்துக்கொண்டிருந்தேன். உன் அம்மா, என் மாமியார், பக்கத்தில்தான் நின்றார். எல்லார் முன்னாலும் என்னைப் பார்த்து ஒன்றே ஒன்றுதான் சொன்னார்: "எங்க புள்ள வர்றான்னா நீ போயிரு." அதுதான் மாற்றுக் கல்யாணத்துச் சட்டம். ஒரு பக்கம் அறுந்தால் மறு பக்கத்தையும் அறுக்க வேண்டும். உன் அண்ணன் என் பையை மடுவம் வரைக்கும் தூக்கிக்கொண்டு வந்து கொடுத்துவிட்டுத் தலையைக் குனிந்தபடி திரும்பிப் போனார்.

மடுவத்துக்கு மேலே உள்ள வளைவில் நாம் எதிரெதிரே வந்தோம். நீ இறங்கி வந்தாய், நான் ஏறிப் போனேன். இருவர் கையிலும் பை. கட்டிக்கொண்டு அழுவோம் என்றுதான் நினைத்தேன். நீ முகத்தைத் துடைத்துக்கொண்டு, "ஒங்க அம்மாவுக்குக் கால் வீங்கியிருக்கு. எண்ணெய மேல் தட்டுல வச்சிருக்கேன், சூடு காட்டித் தேச்சு விடு" என்றாய். என் வாயிலும் அதே மாதிரிதான் வந்தது. உன் அப்பாவுக்கு இருமல், இரவில் குளிர்ந்த தண்ணீர் கொடுக்காதே, உன் அண்ணன் சட்டைக்குப் பொத்தான் தைக்கவில்லை, ஊசி சாமிப் படத்துக்குப் பின்னால் இருக்கிறது. வேலை மாறுகிறவர்கள் ஒப்படைத்துவிட்டுப் போவது போல ஒப்படைத்தோம். பிறகு நீ உன் வீட்டுக்குப் போனாய், நான் என் வீட்டுக்குப் போனேன். இருவருக்குமே அது வீடாக இல்லை.

நான் முழுகாமல் இருப்பது அப்போது உனக்கும் உன் அண்ணனுக்கும் மட்டும்தான் தெரியும். வயிறு தெரிய ஆரம்பித்த பிறகும் யாரும் இறங்கி வரவில்லை. தோட்டத்துச் சங்கத் தலைவர் வந்து பேசிப் பார்த்தார், கோயில் முற்றத்தில் கூட்டிப் பேசினார்கள், பேச்சு முற்றிக் கைகலப்பில் முடிந்தது. உன் அப்பா கோர்ட்டுக்குப் போனார். என் அண்ணன் உன்னை விரட்டிவிட்டார் என்று உன் பக்கத்து வழக்கு, நீயாகவே விட்டுப் போய்விட்டாய் என்று எங்கள் பக்கத்து மறுப்பு. தவணைக்கு மேல் தவணை. பெட்டியில் கிடந்த உன் அண்ணன் சட்டை ஒன்றைத் தலைமாட்டில் வைத்துப் படுத்திருந்தேன். அம்மா அதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்தார்.

பிறகு நுவரெலியாவில் அந்தத் தவணை. வழக்கைக் கூப்பிட்டதும் நீயும் என் அண்ணனும் கூண்டில் ஏறினீர்கள். பின்னாலேயே நானும் உன் அண்ணனும் ஏறினோம். ஏறக் கூடாது என்று எங்களுக்கு யார் சொன்னார்கள்? கல்யாணத்தில் வரிசையாக நிறுத்திய அதே வரிசையில் நாலு பேரும் நின்றோம், எனக்கு வயிறு இடித்து நிற்கவே இடமில்லை. நீதிபதி அம்மா கண்ணாடியை இறக்கிப் பார்த்துச் சிங்களத்தில் ஏதோ கேட்டார். மொழிபெயர்ப்பவர் என் பக்கம் திரும்பினார்.

"ஒங்களுக்கும் விவாகரத்து வேணுமா?"

"ஐயோ வேணாங்க."

"அப்ப எதுக்கும்மா ஏறுனீங்க?"

"ஒண்ணாத்தானேங்க கட்டுனாங்க" என்றேன்.

அதைச் சிங்களத்தில் சொல்லி முடிப்பதற்குள் கறுப்புக் கோட்டுச் சட்டத்தரணிமார் சிரித்துவிட்டார்கள். நீயும் சிரித்தாய், பார்த்தேன். நீதிபதி அம்மா மட்டும் சிரிக்கவில்லை. என் வயிற்றைப் பார்த்தார், உன்னைப் பார்த்தார், பின்வரிசையில் முறைத்துக்கொண்டிருந்த இரண்டு அப்பாமாரையும் பார்த்தார். வெளியே போய் உட்கார்ந்து பேசி ஒரு இணக்கத்தோடு வாருங்கள், மதியத்துக்குப் பிறகு கூப்பிடுகிறேன் என்றார்.

வெளியே உன் பக்கத்துச் சட்டத்தரணி அம்மா சொன்னதுதான் எல்லார் தலையிலும் கல்லைப் போட்டது. "ரெண்டு பேருக்கும் சம்மதம்னு சொன்னா மட்டும் இந்த நாட்டுல பிரிக்க மாட்டாங்க. யாராவது ஒருத்தர் மேல பிழை இருக்கணும். அது யாருன்னு பேசி முடிங்க." பிரிவதற்கு இரு பக்கமும் எப்போதோ தயார். பழியைச் சுமப்பதற்குத்தான் ஆள் இல்லை. என் மகன் மேல் பழி விழுந்தால் என் மகள் அந்த வீட்டுப் படி ஏற மாட்டாள் என்றார் என் அப்பா. விரட்டப்பட்ட எங்கள் பெண்ணே பழியைச் சுமக்க வேண்டுமா, அப்படியென்றால் அவர்கள் பெண் எங்களுக்கு வேண்டாம் என்றார் உன் அப்பா. பழி எந்தப் பக்கம் சாய்ந்தாலும் அடி என் வயிற்றில்தான் விழும். நான் படிக்கட்டில் உட்கார்ந்து இரண்டு அப்பாமாரையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தேன். உன் அண்ணன் எதிர்ப்பக்கம் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தார், கிட்டே வரவில்லை.

அப்போதுதான் தண்ணீர் குடிக்கப் போகிற சாக்கில் என்னை அந்த சைப்ரஸ் மரத்தடிக்குக் கூட்டிப் போனாய்.

"நானாத்தான் விட்டுட்டு வந்தேன்னு சொல்லப் போறேன். போகச் சொன்னாருன்னு வீட்டுல சொன்னது பொய்யின்னும் சொல்லப் போறேன்."

உன் அம்மா உன்னைச் சும்மா விடுவாரா என்று கேட்டேன். விட மாட்டார் என்றாய். ஆனால் பெண் தானாக வந்துவிட்டாள் என்று ஆகிவிட்டால் எந்த முகத்தோடு அடுத்த வீட்டுப் பெண்ணைத் துரத்தி வைத்திருப்பார்கள், அதை மட்டும் யோசி என்றாய். நீ கணக்கில் எப்போதும் என்னைவிடக் கெட்டிக்காரி. நான் அழுதேன், வேண்டாம் என்றேன், உன் கையைப் பிடித்து இழுத்தேன். நீ என் வயிற்றில் கை வைத்தாய்.

"நீ நல்லா இருந்த. நான் இல்ல. ரெண்டுல ஒண்ணாவது நிக்கட்டும் புள்ள."

பிறகு அந்தச் சத்தியம். நீ இருக்கிற வரைக்கும் இதை யாரிடமும் சொல்லக் கூடாது. தெரிந்தால் உன் அண்ணன் என் அண்ணன் சட்டையைப் பிடிப்பார், மறுபடியும் நான் பையைத் தூக்க வேண்டி வரும் என்றாய். உன் தலையில் என் கையை நீயே எடுத்து வைத்துக்கொண்டாய்.

மதியத்துக்குப் பிறகு எல்லாம் சீக்கிரம் நடந்தது. உன் வழக்கை நீ விட்டுக்கொடுத்தாய், ஜீவனாம்சம் வேண்டாம் என்றாய், எங்கள் பக்கத்துப் பேச்சை மறுக்கவில்லை. யாரும் மிரட்டினார்களா, உங்கள் சொந்த விருப்பமா என்று நீதிபதி அம்மா இரண்டு முறை கேட்டார். "என் சொந்த விருப்பங்க" என்றாய். அவர் பேனாவை எடுத்தபோது, இன்னொன்று இருக்கிறது என்றாய். இதைக் காட்டி உன் அண்ணனையும் என்னையும் யாரும் பிரிக்கக் கூடாது, அதையும் எழுதிக்கொள்ளுங்கள் என்றாய். அது இந்த வழக்கில் இல்லாத விசயம், எழுத முடியாது என்றார் அவர். நீ கூண்டை விட்டு இறங்கவில்லை. நீதிபதி அம்மா பேனாவை வைத்துவிட்டு, எழுதத்தான் முடியாது, கேட்டுக்கொள்ளலாம் என்று இரண்டு அப்பாமாரையும் எழுந்து நிற்கச் சொன்னார். பிரிக்க மாட்டோம் என்று இருவரும் அத்தனை பேர் முன்னால் வாயால் சொன்னார்கள். அன்று மாலையே நான் கீழ் கணக்குக்கு இறங்கிவிட்டேன். பை உன் அண்ணன் கையில்.

தீர்ப்பு உறுதியாக இன்னும் சில மாதம் ஆகும் என்றார்கள். நீ அதுவரைக்கும் வீட்டில் இருக்கவில்லை. கோர்ட்டில் வைத்துத் தன்னைத் தலைகுனிய வைத்தவள் என்று உன் அம்மா உன் தட்டில் சோறு போடுவதை நிறுத்திவிட்டார். வட்டவளையில் உன் சின்னம்மா இருந்த தோட்டத்தில் வேலைக்குப் பேர் பதியப் போகிறேன் என்று கிளம்பினாய். எனக்காக நீ மீட்டுக் கொடுத்த வீட்டில் எனக்கு நீ இல்லை. இணக்கமாக முடிந்த வழக்கு என்று எல்லாரும் சொன்னார்கள். அதில் பிரிந்துபோன ஜோடி நாம் இருவரும்தான் என்பதை எந்தக் கோர்ட்டில் போய்ச் சொல்ல? உன் அண்ணன் உன் பேச்சையே எடுக்க விடவில்லை. என் மகளுக்குப் பேர் வைத்தபோது அத்தை மடி இல்லாமல் யாரோ ஒரு பெண் மடியில் கிடத்தினோம்.

ஒரு தடவை, சிவனொளிபாதமலைக்குத் தோட்டத்துப் பெண்களோடு வந்தபோது, மலையடிவார ஊரான நல்லதண்ணியில் ஒரு சாயக் கடையில் உன்னைப் பார்த்தேன். சீசனுக்கு மட்டும் வருவதாகச் சொன்னாய். யாத்திரை வந்தவர்களிடம் சிங்களத்தில் மடமடவென்று பேசிக்கொண்டே எனக்கு இஞ்சி இடித்துப் போட்டுச் சாயம் கொடுத்தாய். கன்னம் ஒட்டிப்போயிருந்தது. கூட வந்தவர்கள் பக்கத்திலேயே நின்றதால் பேச வேண்டியது எதையும் பேச முடியவில்லை. நீ என்னிடம் கேட்டது, உன் அப்பாவின் இருமல் எப்படி இருக்கிறது என்றுதான். அவர் போய்ச் சேர்ந்து அப்போது ஒரு மழைக்காலம் கடந்திருந்தது. உனக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை. இருமல் இப்போது இல்லை என்று மட்டும் சொன்னேன். நீ என் முகத்தைப் பார்த்தாய், புரிந்துகொண்டாய், அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டாய். அதற்குள் எங்கள் பஸ் கிளம்பிவிட்டது.

போன வருசம் காய்ச்சலில் நீ போனாய். உன் அண்ணன் வந்தார், எட்டி நின்றார், ஒரு பிடி மண் போட்டார். கண்ணில் ஒரு சொட்டு இல்லை. புருசனை விட்டுவிட்டு வந்தவளுக்கு இவ்வளவு சனம் சேர்ந்ததே பெரிது என்று எனக்குப் பின்னால் ஒருத்தி சொன்னாள். நீ இருக்கிற வரைக்கும் என்றுதானே சத்தியம், இனிப் பேசலாமே என்று எனக்கு அப்போது தோன்றவே இல்லை. நீ இல்லை என்பதே எனக்கு எட்டியிருக்கவில்லை.

இன்று எட்டியது. தாய்மாமன் இல்லாமல் கல்யாணப் பேச்சு ஏது? என் அண்ணனும் வந்து உட்கார்ந்திருந்தார். வேறு கல்யாணம் கட்டாமலே நரைத்துப்போனவர். தட்டை நகர்த்தி வைத்த அந்த அம்மா சிரித்துக்கொண்டே சொன்னார்: "ஒங்க வீட்டுப் பொண்ணு ஒருத்தி புருசன விட்டுட்டுப் போனான்னு கேள்விப்பட்டோம். அதுக்குத்தான் மாத்துக் கட்டிக்கிட்டா நல்லதுன்னு பாத்தோம். ரெண்டு பக்கமும் ஒரு பயம் இருக்கும்ல."

உன் அண்ணன் வழக்கம் போலத் தலையைக் குனிந்தார். எனக்குள் ஏதோ ஒன்று அறுந்தது. சொல்லிவிட்டேன். மரத்தடி, என் வயிற்றில் நீ வைத்த கை, சத்தியம், எல்லாம். என் மகள் கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள், கேட்கட்டும் என்று விட்டுவிட்டேன். நான் முடித்ததும் உன் அண்ணன் மெதுவாக என் அண்ணன் பக்கம் திரும்பினார். நீ பயந்த சண்டை இதோ வந்துவிட்டது என்று நினைத்தேன். என் அண்ணன் நிமிர்ந்து பார்க்கவில்லை. தரையைப் பார்த்தபடியே சொன்னார்.

"நான்தான் போகச் சொன்னேன். வாசல்ல நின்னு திரும்பித் திரும்பிக் கேட்டா, நெசமாவே போகவான்னு. நான் வாயத் தொறக்கல."

கோர்ட்டில் கேட்டிருக்க வேண்டிய சொல். கேட்க வேண்டியவள் நீ. உன் அண்ணன் எழுந்தார். சட்டையைப் பிடிக்கவில்லை. வெளியே தூறலில் போய் நின்றுவிட்டு வந்து, தட்டுகள் இரண்டையும் எடுத்து அவர்களிடம் கொடுத்தார். பெண் பிடித்திருந்தால் ஒரு தட்டோடு வாருங்கள், என் மகளைப் பணயம் வைத்துக் கொடுக்க மாட்டேன் என்றார். அம்மா கிழித்த கோட்டை அவர் தாண்டி நான் பார்த்தது இன்றைக்குத்தான். உன் அம்மாவும் போய் எத்தனையோ காலம் ஆகிறது.

அவர்கள் போன பிறகு உன் அண்ணன் அடுப்படிக்கு வந்து, நாளைக்கு வட்டவளைக்குப் போகலாமா என்று என்னிடம் கேட்டார். பிறகு சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதார். எனக்கு ஆறுதல் சொல்லத் தெரியவில்லை. இத்தனை வருசமாக நான் மட்டும் தனியாக அழுத அழுகைக்குக் கூட்டு வந்துவிட்டது என்றுகூட ஒரு கணம் நினைத்தேன். ஆனால் இதையெல்லாம் ஓடிப்போய்ச் சொல்ல எனக்கு இருந்தது நீ ஒருத்திதானே. இந்த வீட்டில் எல்லாரும் இருக்கிறார்கள், நான்தான் தனியாக இருக்கிறேன்.

பொழுது சாயுமுன் என் அம்மாவைப் பார்க்க மேல் கணக்குக்கு ஏறினேன். மடுவத்து வளைவில் எப்போதும் போலக் கால் நின்றது. உனக்குத் தெரியாது, நீ வட்டவளைக்குப் போன நாளிலிருந்து அந்த வளைவைத் தாண்டும்போதெல்லாம் நான் வீட்டு நிலவரத்தை உனக்கு ஒப்படைத்துவிட்டுத்தான் தாண்டுகிறேன். இன்றைக்கும் யாரும் இறங்கி வரவில்லை. பனிதான் இறங்கியது. நான் வாய்விட்டே சொன்னேன்:

"அம்மாவுக்கு அதே கால்தான், எண்ணெ தேச்சு விடத்தான் போறேன். ஒங்க அண்ணன் இன்னும் சாப்பிடல. ஒன்னய நெனச்சு அழுதாரு. நாளைக்கு அவரக் கூட்டிக்கிட்டு வர்றேன்."